மாரியுஸ் பெத்திப்பா: ஆடற்படைப்பின் உரிமையும் மூலபாடமும்

ஆய்வுச்சுருக்கம்

பிரான்சில் பிறந்து ரஷ்யப் பேரரசின் அரங்குகளில் ஐம்பத்தாறு ஆண்டுகள் பணியாற்றிய மாரியுஸ் பெத்திப்பா (1818–1910) பாலே ஆடற்கலைஞராகத் தொடங்கி ஆடலமைப்பாளராக உயர்ந்தவர். ‘தூங்கும் அழகி’, ‘லா பயாதேர்’, ‘டான் கிஹோட்டே’, ‘ரேமண்டா’ முதலிய பாலே நாடகங்களின் ஆசிரியராக இன்று அறியப்படுகிறார். தமக்கு முன்னோர் படைத்தவற்றைத் திருத்தியமைக்கும் உரிமையைத் தயக்கமின்றிப் பயன்படுத்திய இவர், தம் படைப்புகளை இளையோர் திருத்தியபோது அதனை ஏற்க மறுத்தார். இம்முரணை மையமாகக் கொண்டு அவரது வாழ்க்கையையும், அவர் படைப்புகள் நிலைபெற்ற வழியையும் இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: பாலே, ஆடலமைப்பு, மூலபாடம், ஆசிரியத்துவம், ஆடற்குறியீடு, மாரியின்ஸ்கி அரங்கு.

முன்னுரை

எழுத்திலக்கியத்திற்கு ஏடு உண்டு. இசைக்குக் குறியீடு உண்டு. ஆடலோ ஆடுபவரின் உடலில் மட்டுமே நிலைபெறுவது. ஆடியவர் முதுமையடைந்து, கற்றவர் மறந்துவிட்டால் படைப்பும் மறைகிறது. ஆகவே, ஓர் ஆடற்படைப்பின் மூலபாடம் எது, அதன் ஆசிரியர் யார், அதனைத் திருத்தும் உரிமை எவருக்கு உண்டு என்னும் வினாக்கள் இலக்கியத்தைவிட ஆடலில் கடினமானவையாகின்றன. பாடவேறுபாடுகளோடு பழகிய தமிழாய்வாளர்க்கு இவ்வினாக்கள் புதியன அல்ல. எனினும் ஏடே இல்லாத ஒரு கலையில் அவை எவ்வாறு எழுகின்றன என்பது நோக்கத்தக்கது.

இவ்வினாக்கள் அனைத்தும் ஒருவர் வாழ்விலேயே ஒருசேர எழுந்தமைக்குப் பெத்திப்பா சிறந்த சான்றாவார். பிறர் ஆடலை எடுத்தாண்டதாக நீதிமன்றத்தில் வழக்கைச் சந்தித்தவர் அவர். பழைய பாலேக்களைப் புதுக்கி நிலைநிறுத்தியவரும் அவர். தம் படைப்பு மாற்றப்பட்டதைக் கண்டு மனங்கசந்தவரும் அவரே. இக்கட்டுரையில் ரஷ்ய நிகழ்ச்சிகளின் நாட்கள் இன்றைய கிரிகோரிய நாட்காட்டியின்படி தரப்படுகின்றன.

1. பிறப்பும் பயிற்சியும்

பெத்திப்பா 1818 மார்ச் 11ஆம் நாள் பிரான்சின் மார்செய் நகரில் பிறந்தார். தந்தை ழான் அந்துவான் பெத்திப்பா ஆடற்கலைஞர், பாலே ஆசான். தாய் விக்டோரின் கிராசோ நாடக நடிகை. பாலே ஆசான் என்பவர் குழுவினருக்குப் பயிற்சியளித்து, புதிய பாலேக்களை அமைத்து, பழையவற்றை மீண்டும் மேடையேற்றும் பொறுப்புடையவர். அக்காலத்தில் இக்கலை பெரும்பாலும் குடும்பத் தொழிலாகவே வழங்கியது. அரங்கத்திற்கு அரங்கம் ஒப்பந்தம் மாறும்போதெல்லாம் குடும்பமும் இடம்பெயர்ந்தது. தந்தை பிரஸ்ஸல்ஸ் நகரின் மொன்னே அரங்கில் பொறுப்பேற்றதால் பெத்திப்பாவின் இளமை அந்நகரில் கழிந்தது. ஆங்கே அவர் பொதுக்கல்வியோடு வயலின் இசையும் பயின்றார். ஆடலைத் தந்தையிடமே கற்று 1827ஆம் ஆண்டு ஒன்பது வயதில் மேடையேறினார். பிற்காலத்தில் இசையமைப்பாளர்களுடன் தாளக் கணக்கோடு உரையாட இளமையின் வயலின் பயிற்சி அவருக்கு உதவியது எனலாம்.

மூத்த சகோதரர் லூசியன் பெத்திப்பாவும் ஆடற்கலைஞரே. அவர் பாரிஸ் ஓப்பராவில் முதன்மை ஆடவராக உயர்ந்து, 1841இல் ‘ஜிசேல்’ முதன்முதல் மேடையேறியபோது நாயகன் ஆல்பிரெக்டாக ஆடியவர். மாரியுசின் பாதை அத்துணை நேரானதாக அமையவில்லை. 1838இல் நான்ட் நகர அரங்கில் முதன்மை ஆடவராகச் சேர்ந்தார். 1839இல் தந்தையோடு அமெரிக்காவின் நியூயார்க் சென்று ஆடினார். அப்பயணம் வருவாய் தராமல் தோல்வியில் முடிந்தது. பின்னர்ப் பாரிசில் முதுபெரும் ஆசான் ஓகுஸ்த் வெஸ்திரிசிடம் பயின்றார். போர்தோவிலும், 1840களின் நடுப்பகுதியில் ஸ்பெயினின் மாட்ரிட் நகரிலும் ஆடினார். ஸ்பெயினில் அவர் கண்டு கற்ற நாட்டார் ஆடல்கள் பின்னாளில் ‘டான் கிஹோட்டே’ முதலிய பாலேக்களுக்கு மூலப்பொருளாயின.

இக்காலப்பகுதியை நோக்கும்போது ஓர் உண்மை புலனாகிறது. முப்பது வயதை நெருங்கும்வரை பெத்திப்பா பெரும்புகழ் எதனையும் ஈட்டவில்லை. பாலேயின் தலைநகரான பாரிசில் அண்ணன் பெற்ற இடம் தம்பிக்குக் கிட்டவில்லை. ஐரோப்பாவின் மறுகோடியில் இருந்த ரஷ்யாவுக்கு அவர் ஒப்பந்தத்தில் சென்றதற்கு இச்சூழலே பின்னணியாகும்.

2. ஆடற்கலைஞரிலிருந்து ஆடலமைப்பாளர்

1847ஆம் ஆண்டு பெத்திப்பா செயின்ட் பீட்டர்ஸ்பர்க் வந்தடைந்தார். ரஷ்யாவின் பேரரசு அரங்குகள் ஜார் மன்னரின் அரசவைத் துறையின்கீழ் இயங்கின. ஆடற்பள்ளி, ஆடுநர், இசைக்குழு, காட்சித்திரை வரைவோர் என அனைவரும் அரசவைச் செலவில் பேணப்பட்டனர். அதே ஆண்டு, பாரிசில் ஜோசப் மசிலியே அமைத்த ‘பக்கித்தா’ என்னும் பாலேயை மேடையேற்றுவதில் பங்கேற்று, அதிலேயே நாயகனாகவும் ஆடி ரஷ்ய மேடையில் அறிமுகமானார். ஆக, ரஷ்யாவில் அவரது முதற்பணியே பிறர் படைப்பொன்றை மீட்டமைப்பதாக அமைந்தது. தந்தையும் அந்நகருக்கு வந்து பள்ளியில் ஆசிரியராகி 1855இல் அங்கேயே மறைந்தார்.

அடுத்த இருபதாண்டுகளில் புகழ்மிக்க இருவர் அங்குத் தலைமை ஆசான்களாக விளங்கினர். ஒருவர் ‘ஜிசேல்’ பாலேயின் ஆடலில் பெரும்பங்கு வகித்த ஜூல் பெரோ. மற்றவர் ஆர்தர் சென்-லியோன். பெத்திப்பா பெரோவின் பாலேக்களில் முதன்மைப் பாத்திரங்களில் ஆடியதோடு ஒத்திகைகளில் அவருக்கு உதவியாளராகவும் இருந்தார். கதையை ஆடலாலேயே நகர்த்தும் முறையைப் பெரோவிடமும், தனியாடல்களை ஆடுபவரின் திறனுக்கேற்ப இழைக்கும் நுட்பத்தைச் சென்-லியோனிடமும் அவர் அருகிலிருந்து கற்றார். ஆடற்கலைஞராக அவரது வலிமை துள்ளலிலும் சுழற்சியிலும் அன்றி, மெய்ப்பாட்டு நடிப்பிலும் இணையாடலில் பெண் ஆடுநரைத் தாங்கும் திறனிலும் இருந்ததாகக் கருதப்படுகிறது. வயது ஏற ஏற ஆடும் உடல் தளர்ந்தது. அமைக்கும் அறிவு முதிர்ந்தது.

1854இல் அவர் மரியா சுரோவ்ஷிகோவா என்னும் இளம் ஆடற்கலைஞரை மணந்தார். தொடக்ககாலத்தில் தம் மனைவிக்கெனச் சிறு பாலேக்கள் பலவற்றை அமைத்தார். திருப்புமுனையாக அமைந்தது 1862 ஜனவரி 30இல் மேடையேறிய ‘பார்வோனின் மகள்’. இத்தாலிய ஆடற்கலைஞர் கரோலினா ரொசாத்திக்காக, செசாரே பூனியின் இசையில் ஆறு வார அளவில் அமைக்கப்பட்ட இப்பெரும் பாலே, தெயோஃபில் கோத்தியே எழுதிய எகிப்தியப் புதினம் ஒன்றைத் தழுவியது. இதன் வெற்றியால் பெத்திப்பா இரண்டாம் பாலே ஆசானாக அமர்த்தப்பட்டார். அப்போது அவருக்கு வயது நாற்பத்து மூன்று.

3. பெரோ தொடுத்த வழக்கு

அதே காலப்பகுதியில் பாரிசில் நிகழ்ந்த ஒரு வழக்கு இவ்வாய்வுக்கு இன்றியமையாதது. 1861இல் மரியா சுரோவ்ஷிகோவா பாரிஸ் ஓப்பராவில் சிறப்பு விருந்தினராக ஆடினார். பெத்திப்பா அமைத்த ‘இன்னோசென்ட் சந்தை’ என்னும் சிறு பாலே அங்கு மேடையேறியது. அதில் இடம்பெற்ற ஓர் ஆடல் தம்முடையது என்றும், தம் இசைவின்றி எடுத்தாளப்பட்டது என்றும் கூறி, அப்போது பிரான்சுக்குத் திரும்பியிருந்த பெரோ வழக்குத் தொடுத்தார். 1862இல் நீதிமன்றம் பெரோவின் பக்கமே தீர்ப்பளித்தது.

பல நாடுகளின் ஆடல் நடைகளை அடுத்தடுத்து ஆடிக்காட்டும் பகுதி அது. அத்தகைய ஆடல்கள் அக்காலத்தில் ஒரு பாலேயிலிருந்து பிறிதொரு பாலேக்கு எளிதில் இடம்பெயர்ந்தன. முதன்மை ஆடுநர் தமக்குப் பிடித்த தனியாடலை எந்தப் பாலேயிலும் செருகிக்கொள்வது வழக்கமாக இருந்தது. இவ்வழக்கத்திற்கு எதிராக, ஆடற்கோவையும் ஓர் ஆசிரியரின் உடைமையே என்னும் கருத்தை அத்தீர்ப்பு ஏற்றது. ஆடலமைப்புக்குரிய ஆசிரிய உரிமை பற்றிய வரலாற்றில் அது ஒரு மைல்கல்.

பெரோ பெத்திப்பாவுக்கு ஒருவகையில் ஆசான். மாணவர் ஆசானின் கோவையைக் கற்று, உடலில் ஏற்று, பின்னர்த் தம் படைப்பில் பயன்படுத்துவது மரபா, களவா? வாய்மொழியாகவும் உடல்வழியாகவும் பரவும் கலைகள் அனைத்திற்கும் பொதுவான இவ்வினாவுக்குப் பாரிஸ் நீதிமன்றம் ஒரு விடையளித்தது. ரஷ்ய அரங்க வழக்கமோ வேறுவிதமானது. அங்கு எந்தப் பாலே எப்போது, எவரால் மேடையேற்றப்படும் என்பதை அரங்க நிர்வாகமே முடிவு செய்தது. இந்த வேறுபாடு நாற்பதாண்டுகளுக்குப் பின் பெத்திப்பாவையே பாதித்தது.

4. ‘லா பயாதேர்’: இந்தியக் கற்பனை

1869 டிசம்பரில் மாஸ்கோவில் லுட்விக் மின்குஸ் இசையில் ‘டான் கிஹோட்டே’ மேடையேறியது. 1870இல் சென்-லியோன் மறைந்தபின் பெத்திப்பா தலைமை ஆசானானார். அவரது முதிர்ந்த பாணி முழுமையாக வெளிப்பட்டது 1877 பிப்ரவரி 4இல் மேடையேறிய ‘லா பயாதேர்’ என்னும் பாலேயில்தான். இசை மின்குசுடையது, கதையமைப்பில் செர்கெய் ஹூதெகோவ் பங்கேற்றார், நாயகி நிக்கியாவாக யெகத்தரீனா வாசெம் ஆடினார்.

பயாதேர் என்பது ஆடற்பெண் எனப் பொருள்படும் போர்ச்சுகீசியச் சொல்லிலிருந்து பிரெஞ்சில் வழங்கி, இந்தியக் கோயில் ஆடல்மகளிரைக் குறித்த சொல். இச்சொல்லுக்கு ஐரோப்பிய மேடையில் நேரடியான தமிழ்த் தொடர்பு ஒன்று உண்டு. 1838இல் புதுச்சேரியை அடுத்த திருவந்திபுரத்திலிருந்து ஆடல்மகளிர் குழுவொன்று இசைக்கலைஞர்களுடன் பிரான்சுக்கு அழைத்துச் செல்லப்பட்டுப் பாரிசில் ஆடியது. அக்குழுவின் அம்மணி என்பாரின் ஆடலை வியந்து எழுதியவர்களுள் கோத்தியே முதன்மையானவர். அவரே ‘ஜிசேல்’ கதையை உருவாக்கியவர்களுள் ஒருவர். 1858இல் பாரிஸ் ஓப்பராவில் மேடையேறிய ‘சகுந்தலா’ பாலேயின் கதையையும் எழுதினார். அந்தச் ‘சகுந்தலா’வுக்கு ஆடல் அமைத்தவர் லூசியன் பெத்திப்பா. ஆகவே, அண்ணன் வழியாகவும் கோத்தியேயின் எழுத்து வழியாகவும் இந்தியக் கோயில் ஆடல்மகள் என்னும் உரு பெத்திப்பாவுக்கு முன்பே பாலே மேடையில் வளர்ந்திருந்தது.

ஆயினும் உருவே வந்தது, ஆடல் வரவில்லை. ‘லா பயாதேர்’ பாலேயில் தென்னிந்திய அடவோ முத்திரையோ தாளமோ இல்லை. மின்குசின் இசை முழுதும் ஐரோப்பிய நடையினது. கதையும் ஐரோப்பியக் கற்பனைப் பாணியிலேயே செல்கிறது. கோயில் ஆடல்மகள் நிக்கியாவும் வீரன் சோலோரும் காதலிக்கின்றனர். மன்னன் தன் மகள் கம்சாத்தியைச் சோலோருக்கு மணமுடிக்க விழைகிறான். பூக்கூடையில் மறைத்து வைக்கப்பட்ட பாம்பு தீண்டி நிக்கியா இறக்கிறாள். இறுதியில் தெய்வச் சினத்தால் கோயில் இடிந்து அனைவர்மீதும் விழுகிறது. திருவந்திபுரத்து மகளிர் தம் கலையைத் தாமே கொண்டு சென்று காட்டியும், அக்கலையின் இலக்கணம் ஐரோப்பிய மேடையில் இடம்பெறாமல் அவர்களது தோற்றம் மட்டுமே கதைப்பொருளானது. ஆடல் எவருடையது என்னும் இவ்வாய்வின் வினா இங்கு ஒரு நாட்டு மரபு முழுவதையும் தழுவி நிற்கிறது.

இவ்வரம்பைச் சுட்டும்போதே, ஆடலமைப்பாளராகப் பெத்திப்பாவின் ஆற்றலையும் மதிப்பிடல் வேண்டும். நிக்கியாவை இழந்த சோலோர் அபின் மயக்கத்தில் காணும் ‘நிழல்களின் உலகம்’ என்னும் காட்சி அதற்குச் சான்று. வெண்ணிற உடையணிந்த ஆடல்மகளிர் சரிவுப் பாதையில் ஒருவர்பின் ஒருவராக இறங்கி வருகின்றனர். ஒற்றைக் காலில் நின்று மறுகாலைப் பின்னே நீட்டும் ஒரே நிலை, பின்னே சாய்ந்து மேலெழும் அசைவு, சில அடிகள், இவ்வளவே கோவை. ஒவ்வொருவர் சேரும்போதும் முன்வந்தோர் அதனையே மீண்டும் செய்ய, வரிசை வளைந்து வளைந்து மேடை முழுவதும் நிறைகிறது. தாந்தேயின் சொர்க்கக் காண்டத்திற்குக் குஸ்தாவ் தோரே வரைந்த ஓவியங்கள் இதற்குத் தூண்டுதலாயின எனக் கூறுவர். மீளக்கூறல் ஒன்றாலேயே துயரத்தின் முடிவின்மையைக் காட்டும் இக்காட்சியில் கதை நின்றுவிடுகிறது. குழுவின் ஆடலே பொருளாகிறது. பின்வந்த நூற்றாண்டின் கதையற்ற பாலேக்கு இது முன்னோடியாகக் கருதத்தக்கது.

5. இசையும் ஆடலும்: ‘தூங்கும் அழகி’

பெத்திப்பா புதிய பாலேயைத் தம் இல்லத்திலேயே திட்டமிடுவார். சிறு பொம்மைகளை மேசைமீது நிறுத்தி, குழுவினரின் அணிவகுப்புகளை அமைத்து, அவற்றைத் தாளில் வரைந்துகொள்வார். பின்னரே ஒத்திகைக்கு வருவார். ரஷ்ய மொழியை அவர் கடைசிவரை சரிவரக் கற்கவில்லை. பிரெஞ்சும் சிதைந்த ரஷ்யமும் கலந்தே ஆடுநருடன் பேசினார்.

1881இல் பேரரசு அரங்குகளின் இயக்குநரான இவான் வ்செவொலோஷ்ஸ்கி, பாலே இசையின் தரத்தை உயர்த்த முற்பட்டார். அதுவரை அரங்கப் பணியாளராக அமர்த்தப்பட்ட இசையமைப்பாளரே பாலேக்களுக்கு இசையமைத்து வந்தார். அப்பதவி 1886இல் நீக்கப்பட்டது. அதன்பின் வ்செவொலோஷ்ஸ்கியின் அழைப்பை ஏற்றுச் சைக்கோவ்ஸ்கி ‘தூங்கும் அழகி’க்கு இசையமைக்க இசைந்தார். காட்சிதோறும் எத்தகைய உணர்வு, எத்தகைய நடை, எத்தனை தாளக் கட்டங்கள் என்பதைப் பெத்திப்பா எழுதித் தந்தார். நீலமணித் தேவதைக்கு, அக்கல்லின் ஐந்து முகங்களை நினைவூட்ட ஐந்தெண் தாளத்தை வேண்டியது அவரது கணக்கியல்பைக் காட்டும். உலகப் புகழ்பெற்ற இசையமைப்பாளர் இக்கட்டுப்பாட்டைத் தடையாகக் கருதவில்லை. அதனுள் நின்றே தம் சிறந்த படைப்புகளுள் ஒன்றை ஆக்கினார்.

1890 ஜனவரி 15இல் மாரியின்ஸ்கி அரங்கில் ‘தூங்கும் அழகி’ மேடையேறியது. இத்தாலிய ஆடற்கலைஞர் கார்லோத்தா பிரியான்சா இளவரசி அரோராவாக ஆடினார். பெத்திப்பாவின் மகள் மரியா லைலாக் தேவதையாகத் தோன்றினார். இத்தாலியரான என்ரிக்கோ செக்கெத்தி தீய தேவதை கரபோசாகவும் நீலப்பறவையாகவும் இரு பாத்திரங்களை ஏற்றார். பிரெஞ்சுப் பள்ளியின் நயம், இத்தாலியரின் உடல்நுட்பம், ரஷ்ய அரசவையின் செல்வவளம், சைக்கோவ்ஸ்கியின் இசை ஆகிய நான்கும் ஒன்றிய படைப்பு இது. அப்போது பெத்திப்பாவின் வயது எழுபத்தொன்று.

1892இல் ‘நட்கிராக்கர்’ பாலேக்கும் விரிவான திட்டத்தை அவரே வகுத்தார். நோயுற்றதால் ஆடலமைக்கும் பொறுப்பை அவரது துணை ஆசான் லெவ் இவானோவ் ஏற்றார். மாஸ்கோவில் 1877இல் தோல்வியுற்ற ‘அன்னப் பொய்கை’, சைக்கோவ்ஸ்கியின் மறைவுக்குப் பின் 1895 ஜனவரி 27இல் புதிய வடிவில் வந்தபோது, முதல், மூன்றாம் அங்கங்களைப் பெத்திப்பாவும் பொய்கைக் காட்சிகளை இவானோவும் அமைத்தனர். இன்று உலகெங்கும் அறியப்படும் வடிவம் இதன் வழிவந்ததே. ஓர் ஆசிரியர் பெயரில் வழங்குவது இருவர் ஆக்கமாக இருக்கக்கூடும் என்பதற்கு இவ்விரு பாலேக்களும் சான்றாகின்றன.

6. பழையன புதுக்கல்

பெத்திப்பாவின் சொந்தப் படைப்புகள் ஐம்பதுக்கும் மேற்பட்டவை. அவற்றுக்கு நிகராக எண்ணத்தக்கது, பழைய பாலேக்களை அவர் புதுக்கிய பணி. மசிலியேயின் ‘கடற்கொள்ளையன்’ பாலேயில் 1868இல் தெலீபின் இசைக்குப் பூந்தோட்டக் காட்சியொன்றைச் சேர்த்தார். ‘பக்கித்தா’வுக்கு 1881இல் மின்குசின் இசையில் ஒரு பெருங்குழு ஆடலைச் சேர்த்தார். முழுப் பாலே மேடையிலிருந்து மறைந்த காலத்திலும் இந்த இடைச்செருகல் ஆடப்பட்டுவந்தது நோக்கத்தக்கது. ‘ஜிசேல்’ பாலேயைப் பன்முறை திருத்தி மேடையேற்றினார்.

இப்பணியின் விளைவு பெரிது. ‘ஜிசேல்’ பிறந்த பாரிசில் 1860களின் இறுதியோடு அது மேடையிலிருந்து நீங்கியது. செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் தொடர்ந்து ஆடப்பட்டது. இன்று உலகம் அறிந்த ‘ஜிசேல்’ பெத்திப்பாவின் கைவழி வந்ததே. ஆகவே, ஆடற்கலையில் திருத்தம் என்பது மூலத்தைச் சிதைப்பதாக மட்டும் அமைவதில்லை. மூலம் நிலைபெற அதுவே வழியாகவும் அமைகிறது. திருத்தப்படாத பாலே ஆடப்படுவதில்லை. ஆடப்படாத பாலே அழிந்துபோகிறது.

இக்கொள்கையைப் பெத்திப்பா தெளிவாகவே கொண்டிருந்தார். 1890களில் விளாதிமிர் ஸ்தெபானோவ் என்னும் இளம் ஆடற்கலைஞர் இசைக்குறிகளைத் தழுவி உடலசைவுகளை எழுதும் முறையொன்றை உருவாக்கினார். 1892இல் பாரிசில் அதனை நூலாகவும் வெளியிட்டார். இம்முறைபற்றிக் கருத்துக் கேட்கப்பட்டபோது பெத்திப்பா அதில் ஆர்வங்காட்டவில்லை. திறமையுள்ள பாலே ஆசான் பழைய படைப்பை மேடையேற்றும்போது தம் கற்பனைக்கும் தம் காலத்தவர் சுவைக்கும் ஏற்பப் புதிதாகவே அமைப்பார்; முன்னோர் செய்ததைப் படியெடுப்பதில் பொழுதை வீணாக்கமாட்டார் என்பது அவர் கருத்தின் சாரம்.

7. ஒதுக்கப்பட்ட முதுமை

1898இல் கிளசுநோவ் இசையில் அமைந்த ‘ரேமண்டா’ அவரது இறுதிப் பெருவெற்றி. 1899இல் வ்செவொலோஷ்ஸ்கி பதவி விலகினார். 1901இல் விளாதிமிர் தெல்யகோவ்ஸ்கி இயக்குநரானார். புதிய ஓவியரையும் புதிய ஆடலமைப்பாளரையும் ஊக்குவித்த அவர், பெத்திப்பாவின் பாணி காலங்கடந்தது எனக் கருதினார்.

பெத்திப்பாவின் குழுவில் வளர்ந்தவர் அலெக்சாந்தர் கோர்ஸ்கி. ஸ்தெபானோவின் குறியீட்டைக் கற்று, அதன் துணையோடு ‘தூங்கும் அழகி’யை மாஸ்கோவில் மேடையேற்றியவர். 1900இல் அவர் மாஸ்கோவில் ‘டான் கிஹோட்டே’யைப் புதுக்கினார். குழுவினரின் சமச்சீரான வரிசைகளைக் கலைத்து, ஒவ்வொருவரையும் தனித்தனி மாந்தராக இயங்கச் செய்தார். 1902இல் அவ்வடிவம் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்குக்கும் கொண்டுவரப்பட்டது. தாம் உயிரோடிருப்பதை அந்த இளைஞருக்கு எவரேனும் நினைவூட்டக்கூடாதா எனப் பெத்திப்பா வருந்திக் கேட்டதாகச் சொல்லப்படுகிறது.

மசிலியேக்கும் பெரோவுக்கும் தாம் செய்ததையே கோர்ஸ்கி தமக்குச் செய்தார் என்பதைப் பெத்திப்பா ஏற்கவில்லை. இதனை வெறும் தன்முனைப்பு எனத் தள்ளிவிடுதல் பொருந்தாது. ஆசிரியர் மறைந்தோ நாடு நீங்கியோ சென்றபின், ஆட இயலாமற்போன படைப்பைப் புதுக்குவது ஒன்று. ஆசிரியர் அதே அரங்கில் பணியில் இருக்கும்போதே அவரைக் கேளாமல் புதுக்குவது மற்றொன்று. எனினும், 1862இல் பெரோ உயிரோடு இருந்தே உரிமை கோரினார் என்பதையும் மறத்தற்கில்லை. பெரோவுக்கு முறையிடப் பாரிஸ் நீதிமன்றம் இருந்தது. பெத்திப்பாவுக்கு அத்தகைய வாயில் எதுவும் இல்லை.

1903 பிப்ரவரியில் மேடையேறிய ‘மாயக்கண்ணாடி’ கடுமையாகத் தோல்வியுற்றது. கொரெஷென்கோவின் இசையும் கொலோவினின் காட்சியமைப்பும் அவையோருக்கு உவக்கவில்லை. அடுத்து அமைத்த ‘ரோஜா மொட்டும் வண்ணத்துப்பூச்சியும்’ பற்றிய பாலே 1904இல் மேடையேறவிருந்த நிலையில் நிறுத்தப்பட்டது. ஊதியம் தொடர்ந்தது, பணி தொடரவில்லை. அக்காலத்தில் அவர் எழுதிய நாட்குறிப்புகளில் நோயும் பணக்கவலையும் அரங்க நிர்வாகத்தின்மீதான மனக்குறையும் நிறைந்துள்ளன. 1906இல் அவரது நினைவுக் குறிப்புகள் ரஷ்ய மொழியில் வெளிவந்தன. தம்மை ஒதுக்கியோர்மீதான குற்றச்சாட்டு அந்நூலின் ஒரு நோக்கமாகவே அமைந்தது.

உடல்நிலை கருதிக் கிரிமியாவின் குர்சூஃப் என்னும் கடற்கரை ஊருக்குச் சென்ற பெத்திப்பா, 1910 ஜூலை 14இல் தம் தொண்ணூற்றிரண்டாம் வயதில் அங்கே மறைந்தார். அவர் உடல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் அடக்கம் செய்யப்பட்டது. அதற்கு முந்தைய மாதத்தில்தான், தியாகிலெவின் ரஷ்யக் குழு பாரிசில் ‘ஜிசேல்’ பாலேயை மேடையேற்றியிருந்தது. பாரிஸ் இழந்த படைப்பு, பாரிசில் இடம்பெறாத ஒருவரின் கைவழியாகப் பாரிசுக்கே திரும்பியது.

8. குறியீட்டு ஏடுகளின் பயணம்

ஸ்தெபானோவ் 1896இல் இளவயதிலேயே மறைந்தார். எனினும் அவரது குறியீட்டு முறையில் பெத்திப்பாவின் பாலேக்களை எழுதிவைக்கும் பணி மாரியின்ஸ்கி அரங்கில் தொடர்ந்தது. இருபதுக்கும் மேற்பட்ட பாலேக்கள் முழுமையாகவோ பகுதியாகவோ எழுதப்பட்டன. இப்பணிக்குப் பொறுப்பாயிருந்த நிக்கொலாய் செர்கெயெவ், 1917 புரட்சிக்குப்பின் அவ்வேடுகளோடு ரஷ்யாவிலிருந்து வெளியேறினார். அவற்றின் துணையால் 1924இல் பாரிஸ் ஓப்பராவில் ‘ஜிசேல்’ பாலேயையும், 1930களில் லண்டனின் விக்-வெல்ஸ் குழுவுக்கு ‘ஜிசேல்’, ‘அன்னப் பொய்கை’, ‘நட்கிராக்கர்’, ‘தூங்கும் அழகி’ ஆகியவற்றையும் மேடையேற்றினார். பிரிட்டனின் பாலே மரபு இவற்றின்மீதே எழுந்தது. அவ்வேடுகள் இன்று அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் பாதுகாக்கப்படுகின்றன.

ரஷ்யாவில் படைப்புகள் ஏடின்றி உடல்வழியே தொடர்ந்தன. அவ்வழியில் மாறவும் செய்தன. ‘லா பயாதேர்’ பாலேயில் கோயில் இடிந்துவிழும் இறுதி அங்கம் சோவியத் காலத்தில் கைவிடப்பட்டு, நிழல்கள் காட்சியோடு பாலே முடிந்தது. 1980இல் நத்தாலியா மகாரோவா அமெரிக்கக் குழுவொன்றுக்காக இறுதி அங்கத்தைத் தம் ஆடலமைப்பில் மீண்டும் சேர்த்தார். 1999இல் மாரியின்ஸ்கி அரங்கே ஹார்வர்டு ஏடுகளைக் கொண்டு ‘தூங்கும் அழகி’யின் பழைய வடிவத்தை மீட்டமைத்தது. 2015இல் அலெக்செய் ரத்மான்ஸ்கியும் அவ்வேடுகளை ஆய்ந்து அதே பாலேயை மேடையேற்றினார்.

இம்மீட்புகள் புதிய வினாக்களை எழுப்பின. ஏடு காலின் இயக்கத்தை விரிவாகவும், கையையும் உடற்சாய்வையும் சுருக்கமாகவும் தருகிறது. பல இடங்களில் அவற்றைத் தருவதே இல்லை. மேலும், ஏடுகள் 1890களிலும் அதற்குப் பின்னரும் எழுதப்பட்டவை. 1877இன் ‘லா பயாதேர்’ அன்று, 1900இல் பெத்திப்பாவே திருத்திய வடிவமே அவற்றில் உள்ளது. எனவே, ஏட்டைக் கொண்டு முதல் மூலத்தை அடைதல் அரிது. ஆசிரியரது ஒரு காலத்துத் திருத்தத்தையே அடைய இயலும்.

முடிவுரை

மேற்கண்டவற்றால் மூன்று கருத்துகள் பெறப்படுகின்றன. முதலாவது, பெத்திப்பாவின் ஆசிரியத்துவம் தனியொருவர் ஆக்கமாக அமையவில்லை. பெரோ, சென்-லியோன் ஆகியோரிடம் கற்றதும், மின்குஸ், சைக்கோவ்ஸ்கி ஆகியோரின் இசையும், இவானோவின் பங்களிப்பும், ஆடிய மகளிரின் உடல்திறனும் அதனுள் அடங்கும். திருவந்திபுரத்து ஆடல்மகளிர் போல, பெயர் மட்டும் எடுக்கப்பட்டுக் கலை விடப்பட்டோரும் அவ்வரலாற்றில் உள்ளனர்.

இரண்டாவது, ஆடலில் திருத்தம் அழிப்பதாகவும் காப்பதாகவும் ஒரே நேரத்தில் அமைகிறது. பெத்திப்பா திருத்தியதாலேயே ‘ஜிசேல்’ நிலைத்தது. கோர்ஸ்கி திருத்திய வடிவின் வழியாகவே ‘டான் கிஹோட்டே’ இன்றுவரை ஆடப்படுகிறது. அவர் வெறுத்த அத்திருத்தமே அவர் பெயரையும் தாங்கி நிற்கிறது.

மூன்றாவது, அவர் பொருட்படுத்தாத குறியீட்டு முறையே அவர் படைப்புகளை நாடுகள் கடந்து கொண்டுசேர்த்தது. எனினும், ஏட்டில் எழுதப்படாத கையசைவையும் உடற்சாய்வையும் தலைமுறைவழிக் கற்ற ஆடுநரே அளிக்க வேண்டியுள்ளது. ஏடும் உடலும் ஒன்றையொன்று நிரப்பும்போதே ஆடலின் மூலபாடம் ஓரளவு புலப்படுகிறது. ஆடற்கலைகளின் வரலாற்றை ஆராய்வோர் ஏட்டுச் சான்றுக்கு அளிக்கும் மதிப்பை ஆடுநர் மரபுக்கும் அளித்தல் வேண்டும் என்பதைப் பெத்திப்பாவின் வாழ்க்கை உணர்த்துகிறது.